சறோவுக்கு டெங்கு வந்ததும் நான் இல்லை என்று சொன்னதும்

அன்று எமேர்ஜென்சி வாசலில் நின்றவர்கள் இவ்வளவு பேர். நான். என் மனுசி சறோ. மகள் நிரூஜா. கண்ணாடிக்குப் பின்னால் கணினியோடு ஒரு நர்ஸ். எங்களுக்கு அடுத்ததாக, வெட்டுப்பட்ட கையைத் துவாயால் சுற்றிப் பிடித்துக்கொண்டு ஒரு சீனக் கிழவர்.

நர்ஸ் சறோவின் ஹெல்த் கார்ட்டை வாங்கினாள். என்ன வருத்தம், எத்தனை நாள் என்று கேட்டாள். காய்ச்சல், மூன்று நாள், எலும்பெல்லாம் நோகிறது, கண்ணுக்குப் பின்னால் நோகிறது என்று நான் சொன்னேன். பிறகு, கடந்த மூன்று கிழமைக்குள் கனடாவை விட்டு வெளியே போனாவா என்று கேட்டாள். எல்லாரிடமும் கேட்கிற கேள்விதான். திரையைப் பார்த்தபடியே கேட்டாள்.

நான் நோ என்றேன்.

நாங்கள் யாழ்ப்பாணத்திலிருந்து வந்து இறங்கி மூன்று நாள். கல்யாண வீட்டு மருதோன்றி சறோவின் கையில் இன்னும் சிவப்பாகவே இருந்தது. அவள் கையைச் சால்வைக்குள் இழுத்துக்கொண்டாள்.

இதை எழுதச் சொன்னது நிரூஜா. ஊர்ச் சங்கத்து மலருக்கு ஆக்கள் எழுத்துக் கேட்டுத் திரிகிறார்கள், நீங்கள் இதை எழுதுங்கள் என்றாள். நான் எட்டாம் வகுப்போடு நின்றவன். பிழை திருத்த அவளுக்குத் தமிழ் எழுதத் தெரியாது. ஆனபடியால் பிழை இருக்கும். ஆடியிலும் தையிலும் ஊருக்குப் போகிற ஆக்கள் வாசித்தால் காணும்.

நான் பிறம்ரனில் ஒரு வெயார்ஹவுஸில் பதினாறு வருசம் வேலை. போன ஆவணியில் பெட்டி தூக்கும்போது இடுப்பு நாரி பிடித்துக்கொண்டது. நிமிர முடியவில்லை. வேலையில் பட்ட காயம் என்று எழுதி, வீட்டில் இருக்கச் சொல்லிச் சம்பளத்தில் ஒரு பங்கு தந்தார்கள். கிழமைக்கு இரண்டு நாள் தெரப்பி. இரண்டு கிழமைக்கு ஒருதரம் நட்டஈடு தருகிற கந்தோரிலிருந்து ஒரு பெண் போன் எடுத்து எப்படி இருக்கிறது என்று கேட்பாள். அந்தக் காலத்தில் நாட்டை விட்டுப் போவதானால் அவளுக்குச் சொல்லவேண்டும். தாளில் எழுதியிருந்தது. நிரூஜா வாசித்துக் காட்டினாள்.

சறோவின் தங்கச்சியின் மகளுக்குத் தையில் கல்யாணம். தங்கச்சி ஊரிலேயே இருப்பவள். புருசன் இல்லை. சறோ போகத்தான் வேண்டும். தனியாகப் போ என்று நான் சொல்லியிருக்கலாம். தாரை வார்க்கிற இடத்தில் பெரியப்பா முறைக்கு நான் நிற்கவேண்டும் என்று தங்கச்சி போனில் அழுதாள். பெட்டி தூக்க முடியாத நாரி, பதினாறு மணித்தியாலம் பிளேனில் இருக்குமோ என்று கந்தோர்க்காரி கேட்டால் நான் என்ன சொல்லுவது. சொல்லாமல் போய்வருவோம் என்று முடிவெடுத்தேன். எங்கள் ஆக்கள் பலர் இப்படிப் போய்வந்திருக்கிறார்கள். பேர் சொல்லமாட்டேன்.

அந்த ஒரு முடிவிலிருந்துதான் மற்றது எல்லாம் வந்தது.

சறோவுக்கு முந்தியும் ஒருதரம் டெங்கு வந்தது. ஆறு வருசத்துக்கு முன் ஊருக்குப் போயிருந்தபோது. ஐந்து நாள் காய்ச்சல், உடம்பு நோ, தோலில் சிவப்பு. யாழ்ப்பாண ஆஸ்பத்திரியில் இரத்தம் எடுத்துப் பார்த்து டெங்கு என்றார்கள். இளநீரும் கஞ்சியும் குடித்து எழும்பிவிட்டாள். ஒருதரம் வந்தால் இனி வராது என்று நாங்கள் நினைத்தோம். அம்மை போடுகிற அம்மாள் வருத்தம் மாதிரி.

லண்டனில் சறோவின் மூத்த அக்கா பவானி. அவவும் அந்த முறை ஊருக்கு வந்திருந்தா, அவவுக்கும் டெங்கு வந்தது. இந்தக் கல்யாணத்துக்கு ஐந்து மாதம் இருக்கும்போதே அங்கே ஒரு கிளினிக்கில் போய் டெங்குத் தடுப்பூசி போட்டா. மூன்று மாத இடைவெளியில் இரண்டு ஊசி. ஏற்கெனவே ஒருதரம் வந்த ஆக்களுக்குத்தான் அங்கே போடுகிறார்களாம். முதல் ஊசி போட்ட அடுத்த நாள் வீடியோவில் வந்தா. கை வீங்கிச் சிவந்திருந்தது. தலையிடி, உடம்பு உலைவு, மெல்லிய காய்ச்சல். தலை பின்னக் கை எழும்பவில்லை என்று சொன்னா. நான் பின்னால் நின்று, "மச்சாள், நுளம்பு கடிச்சிருந்தாலும் இவ்வளவு நோகாது" என்றேன். எல்லாரும் சிரித்தோம். அவவும் சிரித்தா.

மூன்றாம் நாள் அவவுக்கு எல்லாம் சுகம். இரண்டாவது ஊசிக்குக் கை மட்டும் கொஞ்சம் நொந்ததாம்.

சறோ அதைக் கேட்டுவிட்டு, நாங்களும் டொக்டரிடம் கேட்போமா என்றாள். கேட்டோம். எங்கள் குடும்ப டொக்டர் தமிழர். அந்த ஊசி இப்போதைக்குக் கனடாவில் இல்லை என்றார். ஆனால் ட்ராவல் கிளினிக்குக்குப் போங்கள், ஒருதரம் வந்தபடியால் இரண்டாம்தரம் கடுமையாக இருக்கலாம், என்ன கவனம் எடுக்கவேண்டும் என்று அவர்கள் சொல்லுவார்கள் என்றார். ஒரு துண்டும் எழுதித் தந்தார்.

நான் அந்தத் துண்டை மடித்துக் காரின் பெட்டிக்குள் போட்டேன். ட்ராவல் கிளினிக்கில் யார் போவது, எப்போது போவது என்று எழுதுவார்கள். எழுதினால் எங்கேயாவது போய்ச் சேரும் என்று பயந்தேன். அப்படி ஒன்றும் போய்ச் சேராது என்று இப்போது தெரியும். சறோ இரண்டுதரம் ஞாபகப்படுத்தினாள். மூன்றாம் தரம் கேட்கவில்லை.

நுளம்புக்குப் பூசுகிற மருந்து ஆறு போத்தல் வாங்கிக்கொண்டு போனோம். ஆறையும் சறோ அங்கே ஆக்களுக்குக் கொடுத்துவிட்டாள். உனக்கு ஒன்று வை என்றேன். "குடுக்கவெண்டு கொண்டந்த சாமானை நானே பூசுறதோ?" என்றாள். ஒரு போத்தல் நாங்கள் திரும்பும் நாள்வரைக்கும் தங்கச்சி வீட்டுக் கண்ணாடி அலுமாரிக்குள் மூடி உடைக்காமல் நின்றது. வெளிநாட்டுச் சாமான் என்று அழகுக்கு வைத்திருந்தாள்.

இரவில் நுளம்புவலை கட்டினோம். அது காணும் என்று நினைத்தேன். டெங்கு நுளம்பு பகலில் கடிக்கிறது. விடிகிற நேரமும் பொழுதுபடுகிற நேரமும் கூட. அந்த இரண்டு நேரமும் சறோ பின் விறாந்தையில் இருந்து பலகாரத்துக்கு மா குழைத்தாள், மரக்கறி வெட்டினாள். கால் தெரிய நைற்றியோடு. மழை விட்டு இரண்டு கிழமைதான். கல்யாணச் சமையலுக்கு என்று ஐந்து நீலப் பரலில் தண்ணீர் பிடித்து மூடாமல் வைத்திருந்தோம்.

கல்யாணத்துக்கு முதல் கிழமை சுகாதாரப் பரிசோதகர் வந்தார். பரலுக்குள் டோர்ச் அடித்துப் பார்த்தார். நுளம்புக்குடம்பி புழுப் புழுவாய் நெளிந்தது. பிறகு வீட்டுக்குள் வந்து ஃப்ரிட்ஜுக்குப் பின்னால் தண்ணீர் வடிகிற தட்டை இழுத்துக் காட்டினார். அதற்குள்ளும் நெளிந்தது. தங்கச்சிக்கு வெட்கமாய்ப் போய்விட்டது. எல்லாம் ஊற்றிக் கழுவினோம். அதற்கு முன் பறந்தவை பறந்துவிட்டன.

கல்யாணம் நன்றாக நடந்தது. தாரை வார்க்கிற இடத்தில் நான் நின்றேன். அன்று பின்னேரம் கந்தோர்க்காரியின் போன் வந்தது. கனடாவில் காலை, ஊரில் மேளச் சத்தம். நான் ஓடிப்போய் வானுக்குள் ஏறிக் கண்ணாடியை மூடிக்கொண்டு கதைத்தேன். என்ன சத்தம் என்று கேட்டாள். டீவி என்றேன். நாரி எப்படி என்றாள். அப்படியே இருக்கிறது என்றேன். அது மட்டும் உண்மை. அதைச் சொல்லி எல்லாரும் இரவுச் சாப்பாட்டில் சிரித்தார்கள். பவானி மச்சாள் மட்டும் என்னைப் பார்த்து, "செல்வம், ஒருநாளைக்கு மாட்டுப்படுவியள்" என்றா.

சனிக்கிழமை வந்து இறங்கினோம். ஞாயிறு சறோவுக்குக் காய்ச்சல். பிளேனில் யாரோ இருமினார்கள், அதுதான் என்றேன். திங்கள் கூடியது. கண்ணை அசைக்க நோகிறது என்றாள். செவ்வாய் காலை நிரூஜாதான் ஆஸ்பத்திரிக்குப் போவோம் என்று நின்றாள்.

இருபத்தெட்டு வருசமாக எந்தக் கண்ணாடிக்கு முன்னால் நின்றாலும் நான்தான் கதைப்பது. வங்கி, குடிவரவு, பள்ளிக்கூடம், டொக்டர். சறோ கார்ட்டை எடுத்து என் கையில் தருவாள். தந்துவிட்டு ஒரு அடி பின்னால் நிற்பாள். அவளுக்கு இங்கிலீஷ் விளங்கும். ஒரு டேகெயர் குசினியில் சமையல் வேலை பதினொரு வருசம். நர்ஸ் கேட்டதும் விளங்கியது. நான் சொன்னதும் விளங்கியது.

நிரூஜா, "அப்பா" என்றாள். நான் திரும்பிப் பார்த்தேன். அவள் தாயின் தோளைப் பிடித்துக் கதிரைக்குக் கூட்டிப்போனாள்.

நாலு மணித்தியாலம் இருந்தோம். சளிக்காலம். கதிரையெல்லாம் இருமுகிற ஆக்கள். இரத்தம் எடுத்தார்கள். டொக்டர் ஒரு இளம் பொடியன். இரத்தத்தில் வெள்ளை அணுக்கள் குறைவு, பிளேட்லெட் கொஞ்சம் குறைவு, வைரஸ் காய்ச்சலுக்கு இப்படி வரும் என்றான். பிளேட்லெட் என்பது இரத்தத்தை உறையவைக்கிற சின்னத் துண்டுகள். வெட்டுப்பட்டால் அதுதான் அடைக்கும். ஒன்றரை லட்சத்துக்கு மேலே இருக்கவேண்டும். சறோவுக்கு ஒரு லட்சத்துப் பத்தாயிரம். அவனும் பயணம் போனாவா என்று கேட்டான். நான் இல்லை என்றேன். இரண்டாம் தரம்.

தண்ணீர் குடிக்கச் சொன்னான். காய்ச்சலுக்கும் நோவுக்கும் பரசிற்றமோல், அது காணாவிட்டால் ஐபுபுரோபின் மாறி மாறிப் போடலாம் என்றான். அவனில் பிழை இல்லை. நான் சொன்னதற்கு அவன் மருந்து சொன்னான்.

காரில் நிரூஜா அழுதாள். "இது ஓகே இல்லை அப்பா. நீங்கள் சொல்லேல்லையெண்டா நான் போன் பண்ணிச் சொல்லுவன்." வீட்டுக்கடன் இருக்கிறது, சம்பளத்தை நிறுத்தினால் என்ன செய்வது என்று கேட்டேன். அவள் சறோவைப் பார்த்தாள். சறோ கண்ணை மூடிக்கொண்டு, "காச்சல்தானே பிள்ளை. விடும்" என்றாள்.

டெங்குக்குப் பரசிற்றமோல் மட்டும்தான் போடலாம். ஐபுபுரோபினும் அஸ்பிரினும் அந்த மாதிரி எந்த நோக்குளிசையும் போடக்கூடாது. அவை பிளேட்லெட்டை வேலைசெய்ய விடாது. வயிற்றைப் புண்ணாக்கி இரத்தம் கசியப் பண்ணும். இதை நான் பிறகு படித்தேன்.

அன்று பின்னேரம் அவள் எலும்பு முறிகிற மாதிரி நோகிறது என்றாள். என் நாரிக்குத் தந்த குளிசை வீட்டில் இருந்தது. கடையில் விற்கிறதை விடப் பெலமானது. அதுவும் அந்த வகைதான். சும்மா ஐபுபுரோபின் என்னத்துக்கு, இது கெதியாய்க் கேட்கும் என்று ஒன்று கொடுத்தேன். இரவு ஒன்று. விடிய ஒன்று. என் கையால் தண்ணீரும் கொடுத்தேன்.

விடியக் காய்ச்சல் இல்லை. நெற்றி குளிர்ந்திருந்தது. பார்த்தாயா, விட்டுவிட்டது என்று நிரூஜாவுக்குச் சொன்னேன். கஞ்சி வைத்தேன்.

டெங்குவில் காய்ச்சல் விடுகிற நாள்தான் ஆபத்தான நாள். இதை எல்லாரும் ஞாபகம் வைத்திருங்கள். காய்ச்சல் விட்ட பிறகு சில பேருக்கு இரத்தக்குழாய்க்குள் இருக்கிற நீர் வெளியே கசியத் தொடங்கும். மிஞ்சுகிற இரத்தம் தடிக்கும், பிறஷர் விழும். வயிறு நொந்தால், விடாமல் சத்தியெடுத்தால், பல் முரசில் இரத்தம் வந்தால், ஆள் சோர்ந்து குளிர்ந்தால் ஒரு நிமிசமும் வீட்டில் வைக்கக்கூடாது.

சறோவுக்கு எட்டு மணிக்கு வயிறு நொந்தது. பல் தீட்டும்போது பேசினெல்லாம் சிவப்பு. பிறகு கோப்பித்தூள் மாதிரிச் சத்தியெடுத்தாள். குளியலறைக் கதவடியில் விழுந்தாள். அம்புலன்ஸுக்கு அடித்தோம்.

அம்புலன்ஸில் வந்தவன் கேட்டான். இல்லை என்றேன். மூன்று. எமேர்ஜென்சியில் இன்னொரு நர்ஸ் கேட்டாள். நாலு. அப்போது நிறுத்தியிருக்கலாம். ஆனால் நேற்று இல்லை என்று எழுதிவிட்டார்களே, இன்று ஓம் என்றால் நேற்று ஏன் பொய் சொன்னாய் என்று கேட்பார்களே என்று நினைத்தேன். ஒரு பொய்யைக் காப்பாற்ற அதையே திரும்பத் திரும்பச் சொல்லவேண்டி வந்தது. நிரூஜாவை வேலைக்கு அனுப்பிவிட்டேன். அவள் நின்றால் சொல்லிவிடுவாள் என்று எனக்குத் தெரியும்.

பிளேட்லெட் அறுபதாயிரமாய்ப் போயிருந்தது. பின்னேரம் பத்தொன்பதாயிரம். சேலைன் ஏறியது. டொக்டர்மார் மாறி மாறி வந்தார்கள். இரத்தப் புற்றுநோயோ என்றும் ஒருவர் சொன்னார். எலும்புக்குள் ஊசி விட்டு மச்சை எடுத்துப் பார்க்கவேண்டி வரலாம் என்றார். அப்போதும் நான் வாய் திறக்கவில்லை.

திரைக்குள் தரை துடைக்க ஒரு பெண் வந்தா. நாற்பது வயது இருக்கும், முக்காடு போட்டிருந்தா. சட்டையில் பரீதா என்று பேர் குத்தியிருந்தது. கட்டிலுக்குக் கீழே துடைத்துக்கொண்டு வந்தவ சறோவின் கையைப் பார்த்துவிட்டு நின்றா.

"ஊரில கலியாணமா அண்ணன்?"

இல்லை, இங்கே மில்லிக்கனில் ஒரு ஹோலில் என்றேன். தமிழிலும் பொய் வந்துவிட்டது.

அவ சறோவின் முகத்தைப் பார்த்தா. முரசைப் பார்த்தா. கையில் ஊசி குத்திய இடமெல்லாம் கருநீலம். நாங்கள் யாழ்ப்பாணம்தான், தொண்ணூறில் முஸ்லிம் ஆக்களை அங்கேயிருந்து அனுப்பிய பிறகு புத்தளத்தில் வளர்ந்தேன் என்று சொன்னா. தம்பிக்கு அங்கே இப்படித்தான் வந்தது என்றா. காய்ச்சல் விட்டுவிட்டது என்று எல்லாரும் சந்தோசப்பட்டார்களாம். நான் தம்பி இப்போது எப்படி என்று கேட்டேன். அவ வாளியைத் தள்ளிக்கொண்டு திரைவரைக்கும் போய்த் திரும்பினா.

"எங்கட ஆக்கள் ஏன் மறைக்கிற எண்டு எனக்குத் தெரியும். நான் ஒண்டும் கேக்கேல்ல. டொக்டருக்கு மட்டும் சொல்லுங்க அண்ணன்."

அவ போன பிறகும் நான் கொஞ்ச நேரம் இருந்தேன். எவ்வளவு நேரம் என்று தெரியாது. சறோ கண்ணைத் திறந்து என்னைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு எழும்பிப் போனேன். மேசையில் ஒரு டொக்டர் பெண் எழுதிக்கொண்டிருந்தா. ஸ்ரீலங்கா என்றேன். மூன்று கிழமை என்றேன். சனிக்கிழமை வந்தோம் என்றேன். முந்தியும் டெங்கு வந்தது என்றேன். என் குளிசை மூன்று கொடுத்தேன் என்றேன்.

அவ எழும்பிவிட்டா. ஏசுவா என்று நின்றேன். குளிசையின் பேர் என்ன, கடைசியாக எத்தனை மணிக்குக் கொடுத்தீர்கள் என்று மட்டும் கேட்டா. யாருக்கோ போன் எடுத்தா. அரை மணித்தியாலத்தில் சறோவை ஐசியூவுக்குக் கொண்டுபோனார்கள்.

நாரியைப் பற்றி ஒருவரும் கேட்கவில்லை. ஏன் போனீர்கள் என்றும் கேட்கவில்லை.

ஐசியூவில் மூன்று நாள். டெங்குவைக் கொல்ல மருந்து இல்லை. நீரை அளந்து ஏற்றுவதுதான் வைத்தியம். குறைந்தால் பிறஷர் விழும். கூடினால் நெஞ்சுக்குள் நீர் போய் மூச்சு முட்டும். மணித்தியாலத்துக்கு ஒருதரம் பார்த்து மெசினைத் திருப்புவார்கள். வயிற்றில் இரத்தம் கசிந்தபடியால் இரண்டு பை இரத்தமும் பிளேட்லெட்டும் ஏற்றினார்கள். என் குளிசையால் கசிந்தது கூடியிருக்கும் என்று தொற்றுநோய் டொக்டர் சொன்னார். கேட்டேன், சொன்னார். பிளேட்லெட் ஒன்பதாயிரம்வரைக்கும் இறங்கியது. டெங்கு என்று இரத்தப் பரிசோதனை முடிவு வர ஐந்து நாள் பிடித்தது. அதற்கு முன்னரே அதுதான் என்று வைத்து வைத்தியம் செய்தார்கள். பயணம் தெரிந்தபடியால் செய்தார்கள்.

நிரூஜா வேலை முடிந்து நேரே வருவாள். தாயின் காலுக்குக் காலுறை மாட்டுவாள், சொண்டுக்கு ஈரப் பஞ்சு வைப்பாள். எனக்குச் சாப்பாட்டுப் பெட்டியை நீட்டுவாள். என்னோடு கதைக்கமாட்டாள். பெட்டிக்குள் இடியப்பமும் சொதியும் இருக்கும். கோபத்தோடும் சொதியில் தேசிக்காய் விட மறக்கவில்லை. பவானி மச்சாள் லண்டனிலிருந்து ஒவ்வொரு நாளும் எடுத்தா. நான் ஊசியைப் பற்றிச் சிரித்ததை ஒருதரமும் சொல்லிக் காட்டவில்லை. காட்டியிருந்தால் நல்லாயிருந்திருக்கும்.

நாலாம் நாள் வார்ட்டுக்கு மாற்றினார்கள். பிளேட்லெட் மெல்ல ஏறியது. சறோ எழும்பி இருந்து அரைக் கோப்பை சூப் குடித்தாள். யன்னலுக்கு வெளியே பனி கொட்டிக்கொண்டிருந்தது. மருதோன்றி மங்கிப்போயிருந்தது. அதைப் பார்த்துக்கொண்டு சொன்னாள்.

"நீங்கள் சொல்லுவியள், இப்ப சொல்லுவியள் எண்டு பாத்துக்கொண்டு கிடந்தனான்."

நீ சொல்லியிருக்கலாமே என்றேன். அது கேட்கக்கூடாத கேள்வி. கேட்டுவிட்டேன்.

"ஆக்களுக்கு முன்னால உங்களைப் பொய்யன் ஆக்குறதோ எண்டு நினைச்சன்." கொஞ்ச நேரம் சூப்பைக் கலக்கினாள். "பிழை. சொல்லியிருக்கோணும்."

பத்தாம் நாள் வீட்டுக்கு விட்டார்கள். உயிரோடு வந்தாள். எல்லாம் திரும்பி வரவில்லை. மூன்று மாதம் தலைமயிர் கொத்துக் கொத்தாகக் கொட்டியது. நீளப் பின்னல் இருந்தவள். இப்போது தோள்மட்டும் வெட்டியிருக்கிறாள். மாடிப்படியில் நடுவில் நின்று மூச்செடுக்கிறாள். டேகெயரில் அரைநாள்தான் நிற்க முடிகிறது. டெங்குவுக்குப் பிறகு இந்தக் களைப்பு சில பேருக்குக் கனகாலம் இருக்கும் என்றார் டொக்டர்.

நட்டஈட்டுக் கந்தோர்க்காரிக்கு நானே போன் எடுத்துச் சொன்னேன். அந்த மூன்று கிழமைக் காசைக் கழிப்போம், ஒரு கடிதம் வரும் என்றாள். வந்தது. அவ்வளவுதான். இதற்காகத்தான் நான் பயந்தது.

வைகாசியில் குடும்ப டொக்டரிடம் போனோம். கார்ப் பெட்டிக்குள் கிடந்த துண்டை எடுத்துக்கொண்டு போனேன். அவர் வாங்கிப் பார்த்துவிட்டு மேசையில் வைத்தார். ஊசியைப் பற்றி எல்லாம் கேட்டேன். முந்தி கேட்காததையும் கேட்டேன். அவர் சொன்னதை எனக்கு விளங்கினபடி எழுதுகிறேன்.

டெங்குவில் நாலு வகை. ஒரு வகை வந்தால் அந்த வகைதான் திரும்ப வராது. மற்ற மூன்றும் வரலாம். இரண்டாம்தரம் வேறு வகை வந்தால், முதல்தரம் உடம்பில் உண்டான எதிர்ப்பே சில பேருக்கு நோயைப் பெலக்கப் பண்ணும். மச்சாள் போட்ட ஊசி, உயிருள்ள வைரஸைப் பெலவீனமாக்கிச் செய்தது. அதனால்தான் சின்னக் காய்ச்சல், தலையிடி, உடம்பு உலைவு, ஊசி போட்ட இடத்தில் வீக்கம் எல்லாம் வரும். இரண்டு மூன்று நாளில் போகும். எப்போதாவது ஒருவருக்கு அலர்ஜி வரலாம். அதனால் போட்டுவிட்டுக் கொஞ்ச நேரம் அங்கேயே இருக்கச் சொல்லுவார்கள். கர்ப்பிணிக்கும் பால் கொடுக்கிற தாய்க்கும் எதிர்ப்புச்சக்தி குறைந்த ஆக்களுக்கும் போடமாட்டார்கள். டெங்கு வந்து சுகமான கையோடும் போடமாட்டார்கள், சில மாதம் பொறுக்கவேண்டும். போட்டாலும் முழுக் காவல் இல்லை. நுளம்பு கடிக்காமல் பார்க்கத்தான் வேண்டும். இங்கே இப்போதும் அந்த ஊசி இல்லை.

ஊசி இல்லாதது என் கையில் இல்லை என்றேன். அவர் ஓம் என்றார். மற்றது எல்லாம் உங்கள் கையில் இருந்தது என்று அவர் சொல்லவில்லை. நல்ல மனுசன்.

அதனால் போகிற ஆக்களுக்குச் சொல்லுகிறேன். நுளம்பு மருந்தை வாங்கினால் ஒரு போத்தலை உங்களுக்கு என்று உடையுங்கள். விடியவும் பின்னேரமும் நீளக் களிசானும் நீளக் கைச் சட்டையும் போடுங்கள். பகலில் படுத்தாலும் வலைக்குள் படுங்கள். நிற்கிற வீட்டில் பரல், பூச்சாடித் தட்டு, பழைய ரயர், ஃப்ரிட்ஜுக்குப் பின்னால் உள்ள தட்டு, கிழமைக்கு ஒருதரம் கவிழ்த்து உரஞ்சிக் கழுவுங்கள். நீங்கள் கல்யாணத்துக்கு வந்த ஆள் என்றாலும் கழுவுங்கள். திரும்பி வந்து இரண்டு கிழமைக்குள் காய்ச்சல் வந்தால் பரசிற்றமோலைத் தவிர ஒன்றும் போடாதீர்கள். எங்கே போனீர்கள் என்று கேட்டால் சொல்லுங்கள். கேட்காவிட்டாலும் சொல்லுங்கள்.

அன்று டொக்டரின் வாசலில் கண்ணாடிக்குப் பின்னால் இருந்த பெண் சறோவின் கார்ட்டைக் கேட்டாள். நான் கை நீட்டினேன். சறோ தரவில்லை. தானே முன்னால் போய்க் கொடுத்தாள். பிறந்த தேதி, விலாசம், என்ன வருத்தம், எல்லாம் தானே சொன்னாள். இங்கிலீஷ் உடைந்து உடைந்து வந்தது. அந்தப் பெண்ணுக்கு விளங்கியது. நான் ஒரு அடி பின்னால் நின்றேன். அன்றிலிருந்து அப்படித்தான்.

நிரூஜா இப்போது என்னோடு கதைக்கிறாள். ஆஸ்பத்திரித் தாள்களை எல்லாம் அவள்தான் ஒரு கோப்பில் ஒழுங்காக அடுக்கினாள். அடுக்கும்போது இரண்டு தாளை வெளியே எடுத்து மேசையில் பக்கத்தில் பக்கத்தில் வைத்துவிட்டு, வேலைக்குப் போய்விட்டாள். ஒன்றில் செவ்வாய் காலை பத்து மணி பத்து நிமிசம், பயணம் இல்லை. மற்றதில் புதன் பின்னேரம் ஐந்து மணி பத்து நிமிசம், பயணம் ஸ்ரீலங்கா. நான் விரல் மடித்து எண்ணினேன்.

முப்பத்தொரு மணித்தியாலம்.